மயிற்கொன்றைக்கு எது ஊர்?

தில்லியில் வேனில் முற்றும்போது, நிழல் தேடி நடப்பவர் கண்ணை முதலில் ஈர்ப்பது குல்மோகர் மரமே. இலை உதிர்ந்து வறண்ட கிளைகளில், மே மாதத்து அனல்காற்று வீசத் தொடங்கியதும், தீக்கொழுந்து போல் மலர்க்கொத்துகள் கிளம்புகின்றன. தமிழில் இதனை மயிற்கொன்றை என்கிறோம். வங்காளியர் கிருஷ்ணசூடா என்கின்றனர். இப்படிப் பெயர் சூட்டி உறவு கொண்டாடிவிட்ட பின், இம்மரம் இந்நாட்டில் தோன்றியதன்று என்பதை நினைப்பவர் சிலரே.

இதன் பிறந்தகம் மடகாஸ்கர் தீவு. அத்தீவின் மேற்கிலும் வடக்கிலும் உள்ள வறண்ட இலையுதிர் காடுகளில் இது இயற்கையாக வளர்கிறது. பொஹீமிய நாட்டில் பிறந்து மொரீசியசில் வாழ்ந்த தாவரவியலாளர் வென்செஸ்லாஸ் போயர் அதனைக் கண்டறிந்து உலகுக்கு அறிமுகம் செய்தார். 1829 இல் அதன் விவரம் இங்கிலாந்தில் அச்சேறியது. இன்று அறிவியலார் வழங்கும் பெயர் டெலோனிக்ஸ் ரீஜியா. முதற்சொல்லுக்குத் ‘தெளிவாய்த் தெரியும் நகம்’ என்று பொருள். பூவைக் கையில் எடுத்துப் பாருங்கள்: ஐந்து இதழ்களும் நகம் போல் நீண்டு ஒடுங்கிய காம்பில் நிற்கும். நான்கு இதழ்கள் செந்நிறம். ஐந்தாவதில் மட்டும் வெண்மையும் மஞ்சளும் தீற்றியிருக்கும்.

மடகாஸ்கர் நிலநடுக்கோட்டுக்குத் தெற்கே உள்ளது. அங்கே டிசம்பரை ஒட்டிய மாதங்களே கோடை. மயிற்கொன்றை பூப்பதும் அப்போதுதான். வடக்கே வந்த மரமோ டிசம்பரைப் பற்றிக்கொண்டு நிற்கவில்லை. வந்த இடத்துக் கோடை எதுவோ அதுவே தன் பருவம் என்று ஏற்றுக்கொண்டது. ஆனால் நிறத்தையும் இதழின் அமைப்பையும் மாற்றிக்கொள்ளவில்லை. வியட்நாமில் பள்ளி ஆண்டு முடியும் காலத்தில் இது பூப்பதால், அந்நாட்டு மாணவர்க்கு இது பிரிவின் மலர். ஹாய்ஃபோங் நகரத்தார் அதைத் தம் நகரின் அடையாளமாகவே கொண்டுள்ளனர். போன இடமெல்லாம் இம்மரம் சொந்தமாயிற்று.

என் தாயார் நெல்லைச் சீமையிலிருந்து எங்கள் அரசுக் குடியிருப்புக்கு வந்த புதிதில், பூ உதிர்ந்து தழைத்து நின்ற ஒரு குல்மோகரை அண்ணாந்து பார்த்து, “ஏம்ப்பா, நம்ம ஊரு வாதமடக்கி இங்கேயும் நிக்குதே!” என்றார். மூட்டுவலிக்கு அதன் இலையை அரைத்து அடை சுடுவதும், வயலுக்குத் தழையுரமாக இடுவதும் அவர் அறிந்தவை. நான் மறுத்தேன். பின்னர்ப் படித்தபோது அம்மாவின் கண் பிசகவில்லை என்று தெரிந்தது. வாதநாராயணன் என்னும் வாதமடக்கியும் அதே டெலோனிக்ஸ் பேரினம். வெண்மையாய் மலர்ந்து மஞ்சளாய் முதிரும் பூவை உடையது. இதைச் சொன்னதும் அம்மா சிரித்தார்: “இலை சொந்தம்னு சொல்லுது, பூதான் வேற ஊருங்குது.”

பிள்ளைகள் பள்ளிப் படிவத்தில் ‘சொந்த ஊர்’ என்ற இடத்தில் தில்லி என்று எழுதுகின்றனர். அது பொய்யன்று, அவர்கள் இங்கேதான் பூத்தார்கள். எனக்கு அதில் வருத்தம் இல்லை. என்னை உறுத்தியது வேறொன்று.

உலகத்து வீதிகளிலெல்லாம் பூத்துக் குலுங்கும் இம்மரம், தன் தாய்க்காட்டில் அருகி வருவதாகக் கருதப்பட்டு, 1998 இல் அழிவுக்கு இலக்காகக்கூடிய இனங்களின் பட்டியலில் சேர்க்கப்பட்டது. பிந்தைய மதிப்பீடு அந்த அச்சத்தைத் தணித்தது. ஆயினும் அத்தீவின் வறண்ட காடுகள் அடுப்புக்கரிக்காகவும் விளைநிலத்துக்காகவும் இன்னும் அழிக்கப்படுகின்றன. வெளியூரில் ஆயிரம் மரம் பூத்தாலும், பிறந்த காடு பட்டுப்போனால் அதனை எதனால் ஈடுசெய்வது?

கிராமத்து வீட்டை விற்றுவிடலாமா என்று தமையனார் தொலைபேசியில் கேட்ட வாரத்தில்தான் இதைப் படித்தேன். பூட்டிய வீடு, கரையான் ஏறிய கதவு, ஆண்டுக்கொருமுறை செலவு மட்டும் வைக்கும் கூரை. பிள்ளைகளின் மேற்படிப்புக்குப் பணமும் வேண்டும். விற்பதற்குக் காரணங்கள் பல இருந்தன. அம்மா “உங்க இஷ்டம்” என்றதோடு நிறுத்திக்கொண்டார். அந்த இரண்டு சொற்கள் பல இரவுகள் என்னைத் தூங்கவிடவில்லை. முடிவில் விற்பதில்லை என்று தீர்மானித்தோம். முன்கட்டைச் செப்பனிட்டு, ஊர்ப் பிள்ளைகள் மாலையில் அமர்ந்து படிக்கத் திறந்துவிட்டோம். விளக்குக்கு ஆகும் செலவை நான் அனுப்புகிறேன்; படிப்புக்கான கடனும் என் சம்பளத்திலிருந்து போகிறது.

வந்த இடத்தின் பருவத்தில் பூப்பது நன்றிகெட்ட செயலன்று. வாழ்வின் இயல்பு அது. ஆனால் வேர் விட்டு வந்த மண்ணிலும் விதை முளைக்க இடம் இருக்கிறதா என்று திரும்பிப் பார்ப்பது நம் கடமை. மரத்தால் அது இயலாது. மனிதரால் இயலும்.