ஆல்ஃப்ரெட்டைப் பார்த்துச் சிரித்தவர்கள்

டிசம்பர் 31 இரவு. டார்ட்முண்டில் நான் குடியிருந்த வீட்டின் உரிமையாளர் என்னைக் கீழே கூப்பிட்டார். எழுபதைத் தாண்டியவர், தனியாக இருப்பவர். டிவியில் ஒரு குள்ளமான மனிதர் தன் மனைவியைப் பசுமாடு என்று திட்டிக்கொண்டிருந்தார். அந்தச் சின்ன மீசை யாரை நினைவூட்டுகிறது என்று சொல்லத் தேவையில்லை. பெரியவர் கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தார்.

அது 'ஐன் ஹெர்ட்ஸ் உண்ட் ஐனே சீலே' தொடர். 1973இல் தொடங்கியது. ஆல்ஃப்ரெட் டெட்ஸ்லாஃப் என்ற அந்தக் குடும்பத்தலைவருக்கு சோஷியல் டெமாக்ரட்டுகள் ஆகாது, வெளிநாட்டுத் தொழிலாளர்கள் ஆகாது, மாப்பிள்ளையும் ஆகாது. ஒரு பிரிட்டிஷ் தொடரை முன்மாதிரியாக வைத்து இதை எழுதியவர் வோல்ஃப்காங் மெங்கே.

அன்றிலிருந்து மெங்கேயைத் தேடிப் படித்தேன். 1924இல் பெர்லினில் பிறந்தவர். அம்மா யூதர். பத்திரிகைக்காரராக இருந்து டிவிக்கு வந்தவர். 1970இல் 'தஸ் மில்லியோனென்ஷ்பீல்' எழுதினார். கொலைகாரர்களிடமிருந்து ஏழு நாள் தப்பித்தால் பத்து லட்சம் மார்க் பரிசு என்று ஒரு கற்பனைப் போட்டி. நடுநடுவே விளம்பரங்கள்கூட உண்டு. நிஜம் என்று நம்பி, தாங்களும் போட்டியில் கலந்துகொள்ள விரும்பிய நேயர்கள் இருந்தார்கள்! 1973இல் 'ஸ்மோக்', ரூர் பகுதியை நச்சுப்புகை மூடுவதைச் செய்தி ஒளிபரப்பு மாதிரியே காட்டியது. 1985 ஜனவரியில் அதே ரூர் பகுதியில் உச்சநிலைப் புகை எச்சரிக்கை நிஜமாகவே அறிவிக்கப்பட்டது.

மெங்கே பிரசங்கம் செய்யவில்லை. கண்ணாடியை வைத்துவிட்டு நகர்ந்துகொண்டார். அதில்தான் சிக்கலும் இருக்கிறது. நாம் ஒன்றை நினைத்து மென்பொருள் எழுதுவோம், பயனர் வேறொன்றுக்குப் பயன்படுத்துவார். அது மாதிரி, ஆல்ஃப்ரெட்டைக் கேலி செய்ய எழுதிய வசனத்துக்கு, "சரியாத்தானே சொல்றான்" என்று சிரித்தவர்களும் இருந்தார்கள்.

வீட்டுக்காரர் எந்த வகை? அன்றிரவு அவர் என் தோளைத் தட்டி, "வெளிநாட்டுக்காரங்களப் பத்தி அவன் பேசுறதெல்லாம் உன்னச் சொல்லல. நீ வேற" என்றார். அன்பாகத்தான் சொன்னார். நானும் சிரித்தேன். மாடிக்கு வந்த பிறகும் அந்த "நீ வேற" போகவில்லை.

இரண்டு நாள் கழித்துப் பெரியப்பா போன் பண்ணினார். என்னைப் படிக்க வைத்தவர். "அங்க வெள்ளக்காரங்க உன்ன மரியாதையா நடத்துறாங்களாப்பா?" என்று உண்மையான கவலையோடு கேட்டார். அதே மூச்சில், "இங்க எந்த ஹோட்டலுக்குப் போனாலும் வடக்கத்திப் பயலுகதான்" என்று ஆரம்பித்தார். வழக்கமாக இந்த இடத்தில் நான் சிரிப்பேன். பல வருடமாகச் சிரித்திருக்கிறேன். அந்தப் பையன்களில் எவனுக்காவது அவன் முதலாளி "நீ வேற" என்று சொல்லியிருப்பாரா என்று யோசித்தேன்.

"லைன்ல இருக்கியாப்பா?" என்றார் பெரியப்பா.

"இருக்கேன் பெரியப்பா. நானும் இங்க அந்தப் பயலுக மாதிரிதான்" என்றேன்.

இந்த முறை அவர் பக்கம் சத்தமில்லை.