சுவாமிமலையில் ஓர் ஓலை அளவு

கும்பகோணத்துக்கு மேற்கே, காவிரியின் கரையில் விளங்கும் சுவாமிமலை, அறுபடை வீடுகளுள் நான்காவது. தமிழ் ஆண்டுகளைக் குறிக்கும் 60 படிகளின் மேலே சுவாமிநாதன். கீழே மீனாட்சி உடனாய சுந்தரேசுவரர். தந்தைக்கே பிரணவப் பொருளை உபதேசித்த பிள்ளை, குருவாக உயர்ந்து நிற்கும் தலம் இது. உருவம் சிறிதாயினும் மகிமை குறைவதில்லை என்னும் உண்மையை இவ்வூர் ஸ்தபதிகளின் பட்டறைகளிலும் காணலாம்.

ஐம்பொன் திருமேனி வடிக்கும் ஸ்தபதி முதலில் எடுப்பது தென்னை ஓலை நறுக்கு. மூர்த்தியின் உயரத்துக்கு அதை வெட்டி, மடித்து மடித்துப் பங்கு பிரிப்பார். சிற்ப நூல்கள் கூறும் நவதால அளவில் மொத்த உயரம் 108 பங்கு. ஒரு பங்கு ஓர் அங்குலம். 12 அங்குலம் ஒரு தாலம். அதுவே முகத்தின் நீளம். சிவபெருமான், திருமால் ஆகியோருக்கு உத்தம தசதாலம், 124 பங்கு. இந்த அங்குலம் அடிக்கோலில் உள்ள இஞ்ச் அன்று; அந்தந்த மூர்த்திக்கே உரிய அளவு.

நவதாலத்தில் ஒன்றரை அடி மூர்த்தி செய்வதாகக் கொள்வோம். அது 18 இஞ்ச், அதாவது 45.72 சென்டிமீட்டர். 108 ஆல் வகுத்தால் ஒரு பங்கு சுமார் 4.2 மில்லிமீட்டர், முகம் 2 இஞ்ச். மூன்றடி மூர்த்திக்கு முகம் 4 இஞ்ச். எல்லா அங்கங்களும் இருமடங்காகும். திருமுகத்தின் அமைதி மாறாது.

எடையோ இருமடங்கோடு நிற்பதில்லை. உயரம், அகலம், கனம் மூன்றுமே இரட்டிப்பதால், உள்ளீடற்றதாக இல்லாமல் முழுக் கனமாக வார்க்கும் திருமேனிக்கு எட்டு மடங்கு உலோகம் வேண்டும். 10 கிலோ 80 கிலோவாகும். உற்சவமூர்த்தி செய்தளிக்க நேர்ந்துகொள்ளும் குடும்பத்தார் இதனை முன்னரே எண்ணிப் பார்த்தல் நலம். செலவு மட்டுமன்று, திருவீதியில் தோள் கொடுப்போரின் சுமையும் பெருகும். உயரம் சொல்லும்போது பீடமும் மகுடமும் சேர்த்தா என்பதையும் தெளிவாகக் கூற வேண்டும். தாலக் கணக்கு அவ்விரண்டையும் சேர்ப்பதில்லை.

இல்லத்துப் பூஜைக்குச் சாண் உயர மூர்த்திதான் இயலும் என்றால் மனம் குறைய வேண்டியதில்லை. பங்கு சிறுத்தாலும் எண்ணிக்கை குறைவதில்லை; 108-ம் அதில் நிறைந்தே இருக்கின்றன.