அம்மாவின் வழவழாச் சீலை

மழை விட்ட மறுநாள் அன்னூர்க் குளத்தங்கரையில் நின்றால், நீலகிரி பக்கத்துக் காட்டில் நிற்பதுபோல் தெரியும். அப்பா மேட்டுப்பாளையம் உருளைக்கிழங்கு மண்டியில் கணக்கு எழுதினார். எனக்கு எட்டு வயதிருக்கும்போது, மலையில் கிழங்கு பார்க்கப் போனவர் என்னையும் லாரியில் ஏற்றிக்கொண்டார்.

எமரால்டு தாண்டி ஒரு வளைவில் வண்டி நின்றது. இறங்கி ஓடினேன். மரமே இல்லாத மேடு. முழங்கால் உயரத்துக்குப் புல். கால் பட்டதும் தவிட்டு நிறத்தில் ஏதோ எழும்பி, நாலடி தத்தி, மறுபடி புல்லிலேயே உட்கார்ந்தது. பட்டாம்பூச்சி. இறக்கையில் மஞ்சள் வளையம், அதற்குள் கறுப்புக் கண். கையை நீட்டினேன்.

"உடு கண்ணு, அதுபாட்டுக்கு இருந்துட்டுப் போகட்டும்."

அது நீலகிரி ஃபோர்-ரிங் என்று பின்னாளில் படித்தேன். 1843-இல் கெரின்-மெனவில் என்ற பிரெஞ்சுக்காரர் அதை அறிவியலுக்கு அறிமுகம் செய்திருக்கிறார். மேற்குத் தொடர்ச்சி மலையின் தென்பகுதி உயரங்களை விட்டால் அதற்கு வேறு ஊர் கிடையாது. அதன் புழுவுக்குப் புல்தான் சோறு. எங்கள் சமவெளியில் பறக்கும் வெள்ளை ஃபோர்-ரிங் அதற்குப் பங்காளி.

இறங்கும்போது முன்னால் மரக்கட்டை லாரிகள். "எங்கீப்பா போகுது?"

"சிறுமுகை விஸ்கோஸுக்கு. கற்பூர மரம், சீகை மரமெல்லாம் கூழாக்கி நூல் எடுக்கறாங்க. உங்கம்மா கட்டற வழவழாச் சீலை அதுதான்."

மரத்தையா அம்மா உடுத்துகிறாள்! ஊருக்குள் எல்லாரிடமும் சொல்லித் திரிந்தேன். 19-ஆம் நூற்றாண்டில் ஆஸ்திரேலியாவிலிருந்து வந்த அந்த மரங்களைப் புல்மேட்டின் மேல்தான் நட்டார்கள் என்பது அப்போது எங்கள் இருவருக்குமே தெரியாது.

போன வருடம் போனபோது அந்த வளைவு அடையாளம் தெரியவில்லை. ரோட்டோரம் வரை சீகை. அடியில் சருகு, இருட்டு. அன்னிய மரங்களை அகற்ற 2022-இல் அரசு கொள்கை வகுத்திருக்கிறது. சீகை போன இடத்தில் புல் திரும்பட்டும்.

விஸ்கோஸ் ஆலை இப்போது ஓடுவதில்லை. அம்மாவும் இல்லை. அந்த ரேயான் சீலை மட்டும் இரும்புப் பெட்டியில் மடிப்பு விட்டுக் கிடக்கிறது. ஒற்றைப் பூச்சியைத் தொடவிடாத அப்பாதான், மாரியம்மன் நோம்பிக்கு அதை வாங்கி வந்தவர்.