ஹாஸ்யத்தின் உள்ளிருக்கும் சிரத்தை

கதாநாயகி வேஷம் தரிப்பவளுக்கு அழகும் இளமையும் பாதி வேலையைச் செய்து கொடுத்துவிடுகின்றன. அத்தையாகவும் உபாத்தியாயினியாகவும் வந்து, சில நிமிஷங்களுக்குள் ஒரு முழு ஜீவனைக் காட்டிவிட்டுத் திரைமறைவுக்குப் போய்விட வேண்டிய என்னைப் போன்ற குணசித்திர நடிகைக்கோ, ஏற்ற பாத்திரத்தின்மேல் வைக்கும் நம்பிக்கையைத் தவிர வேறு மூலதனம் இல்லை. இதை எனக்கு உணர்த்தியவர், நான் திரையில் மாத்திரமே கண்டிருக்கும் ஆங்கில நடிகை மார்கரெட் ரூதர்போர்டு.

1892-ல் லண்டனில் பிறந்து, சிசுப் பருவத்தில் சிறிது காலம் சென்னையில் இருந்து, அந்தப் பிராயத்திலேயே தாயை இழந்து இங்கிலாந்து திரும்பி, பின்னாளில் பியானோவும் பேச்சுக்கலையும் கற்பித்து ஜீவித்த அவர், ஓல்டு விக் நாடகசாலையில் அடியெடுத்து வைத்தபோது வயது 33. பெரிய மோவாயும் பருத்த சரீரமும் கொண்ட அவர், அவற்றை ஒப்பனையால் மறைக்க முயலவில்லை. வேஷத்துக்கு வேஷம் மாறியது முகமன்று, அந்தப் பாத்திரம் எதைப் பெரிதென்று கருதுகிறது என்பதே.

ஆஸ்கார் வைல்டின் 'தி இம்பார்ட்டன்ஸ் ஆஃப் பீயிங் எர்னஸ்ட்' நாடகத்தில், 1939-ல் லண்டனில் உபாத்தியாயினி மிஸ் பிரிஸமாகவும், 1947-ல் நியூயார்க்கில் அவளை விசாரித்து நடுங்கவைக்கும் லேடி பிராக்னெலாகவும் நடித்து, 1952-ல் வெளிவந்த திரைப்படத்தில் மீண்டும் பிரிஸமாகவே வந்தார். குழந்தையைத் தவறுதலாகக் கைப்பையில் வைத்துத் தொலைத்த குற்றம் சபையறிய வெளிப்பட்டு நிற்கும் வேளையில், பல்லாண்டுகளுக்கு முன் காணாமற்போன அந்தக் கைப்பை கிடைத்ததும், அதிலுள்ள அடிபட்ட தழும்பையும் உள்துணியின் கறையையும் பூட்டின்மேலுள்ள தன் பெயரெழுத்துக்களையும் பிரிஸம் ஒவ்வொன்றாகப் பரீட்சித்து மகிழ்கிறாளே, அங்கே அவளுக்கு அந்தப் பையே பிரபஞ்சம். நமக்குச் சிரிப்பு, அவளுக்கோ பரம நிம்மதி.

சபையில் சிரிப்பு எழும் அந்தக் கணமே நடிகைக்குச் சோதனை. இன்னொரு அலை சிரிப்புக்காகக் கண்ணை ஒரு இம்மி அகல விரிக்கலாமா என்று உள்ளம் துடிக்கும். விரித்துவிட்டால், பாத்திரம் தன்னைத் தானே பரிகசித்ததாகிவிடும். நோயல் கவர்டின் 'பிளைத் ஸ்பிரிட்' நாடகத்தில், சைக்கிளேறி வந்து ஆவிகளை அழைக்கும் மேடம் ஆர்காட்டியை, 1941-ல் மேடையிலும் 1945-ல் டேவிட் லீன் படத்திலும் அவர் பரிகாசப் பொருளாக்கவில்லை. ஒரு சாஸ்திர பண்டிதை தன் வித்தையில் காட்டும் கௌரவத்தோடும் உற்சாகத்தோடுமே நடித்தார்.

ஆஸ்கார் பரிசு அவருக்கு 'தி வி.ஐ.பி.ஸ்' படத்துக்காகக் கிடைத்தது. அகதா கிறிஸ்டியின் மிஸ் மார்பிளாக 1961 முதல் 1964 வரை நான்கு படங்களில் நடித்ததால் உலகமெங்கும் பிரசித்தி பெற்றார். ஆயினும், ஆர்ஸன் வெல்ஸின் 'சைம்ஸ் அட் மிட்நைட்' படத்தில், ஃபால்ஸ்டாஃபின் மரணத்தை மிஸ்ட்ரஸ் க்விக்லியாக அவர் விவரிக்கும் காட்சியையே இளம் நடிகைகள் முதலில் பார்க்க வேண்டும் என்பேன். கைப்பையைப் பரீட்சித்தபோதிருந்த அதே சிரத்தைதான் அங்கேயும் இருக்கிறது. ஹாஸ்யத்துக்கு ஒரு வித்தை, சோகத்துக்கு இன்னொரு வித்தை என்று அவர் வைத்துக்கொள்ளவில்லை. சிரிக்கவைப்பதும் அழவைப்பதும் கதையின் வேலை. பாத்திரத்தை முழு மனத்தோடு நம்புவதே நடிகையின் வேலை.