குரல் மாறிய பாட்டு

பிறமொழிப் படத்துக்குக் குரல்மாற்றுவது போலிக்கலை என்றே நெடுநாள் எண்ணியிருந்தேன். பாட்டின் உயிர் மூலமொழியிலேயே உண்டு, ஏனையவை நிழல்கள் என்பது என் துணிபு. அதனைக் கலைத்தவள், ஜாவாத் தீவின் யோக்யகர்த்தா நகரில் நண்பரொருவர் வீட்டில் நான் கண்ட ஆறு வயதுச் சிறுமி, அவருடைய மகள்.

2013இல் வெளிவந்த ‘ஃபுரோசன்’ என்னும் டிஸ்னி இசைச் சித்திரப்படத்தில், பனிமலையில் தனித்து நிற்கும் அரசி, தன் ஆற்றலை ஒளித்து வாழ்ந்த வாழ்வை உதறிப் பாடுகிறாள். அப்பாட்டைச் சிறுமி இந்தோனேசிய மொழியிற் பாடிக்கொண்டிருந்தாள். ‘லெட் இட் கோ’ என்னும் ஆங்கிலப் பல்லவி அங்கே ‘லெபஸ்கன்’ ஆகிறது. மூன்று சொற்கள் நின்ற இடத்தில் ஒரே சொல். ஆயினும் அசைகள் மூன்றே. ‘லெபஸ்’ என்பது விடுபடுதல். ‘கன்’ என்னும் விகுதி அதனை ‘விடுவி’ என்று ஏவலாக்குகிறது.

இது எளிதிற் கிட்டிய வெற்றியன்று. மெட்டு முன்னரே அமைந்துவிட்டது. திரையில் வாயசைவும் வரையப்பட்டுவிட்டது. ‘கோ’ என அரசியின் இதழ் குவியுமிடத்தில், பாடுபவள் ‘கன்’ என வாய்திறந்து ஒலியை நீட்டவேண்டும். ஆங்கிலத்தின் ஓரசைச் சொற்கள் நெருங்கி நிற்கும் அடிகளில், பெரும்பாலும் ஈரசையும் மூவசையுமான இந்தோனேசியச் சொற்களை அடக்கவேண்டும். ‘நான்’ எனப் பொருள்படும் ‘அக்கு’ என்ற சொல் அம்மொழிப் பாட்டுகளில் ‘கு’ எனக் குறுகுவதுண்டு. இத்தகைய வழக்குகளே பாட்டெழுதுவோர்க்குக் கைகொடுக்கின்றன. நெருக்கடி மொழியின் ஆற்றலை வெளிக்கொணர்கிறது. இதனைப் போலி எனல் எங்ஙனம்?

உறைபனியைக் குறிக்கும் ‘சல்ஜு’ அரபுமொழி தந்த சொல். குரலைக் குறிக்கும் ‘சுவாரா’வோ நாம் சுரம் என வழங்கும் வடசொல்லின் வழிவந்தது. வந்த சொற்களையெல்லாம் தனதாக்கிய மொழிக்கு, வந்த பாட்டைத் தனதாக்குவது புதிதன்று.

பாட்டின் இடையே நண்பரின் தாயார் உள்ளிருந்து ஜாவா மொழியில் அழைத்தார். சிறுமி ஜாவா மொழியிலேயே விடைகூறிவிட்டு, விட்ட அடியிலிருந்து தொடர்ந்தாள். எழுநூறுக்கு மேற்பட்ட மொழிகள் வழங்கும் அந்நாட்டில், 1928ஆம் ஆண்டு இளைஞர் உறுதிமொழி இந்தோனேசியத்தை ஒற்றுமையின் மொழியாக ஏற்றது. அவ்வொற்றுமையின் பயனைச் சிறுமியின் குரலிற் கேட்டேன்.

“வீட்டுமொழியில் இவளுக்குப் பாட்டில்லையா?” என்று நண்பரைக் கேட்டேன்.

“அம்மா பாடுவார், படம் பாடாது” என்றார் அவர்.

அன்று தொட்டுக் குரல்மாற்றத்தை நான் இகழ்வதில்லை. ஆனால் அத்தாயாரின் பாட்டை அடுத்து யார் பாடுவார் என்ற கவலை மட்டும் என்னை விட்டகலவில்லை.