கல்லின் முகம்

குறிகட்டுவானிலிருந்து ஏறக்குறைய ஒரு மணிநேரம் கடல்மேல் ஆடியசைந்து நெடுந்தீவின் மாவிலித்துறையிலே இறங்கியபோது, கோட்டை பார்க்க வந்த என் கண்ணில் முதலிற் பட்டது கோட்டையன்று. சாந்து ஒரு துளியும் இடாமல், முருகைக்கல்லின்மேல் முருகைக்கல்லைப் பொருத்தி வளவுதோறும் எழுப்பியிருக்கும் மதில்களே. கிடுகு வேலியிலே பழகிய யாழ்ப்பாணத்துக் கண்ணுக்கு அஃது ஒரு புதுமை.

ஒல்லாந்தர் கோட்டை என்று ஊரார் வழங்கும் கட்டடம், போர்த்துக்கீசர் தொடங்கி ஒல்லாந்தர் ஆண்டது. இரண்டு மாடி கொண்டிருந்த அதன் சுவர்கள் இன்று கூரையிழந்து நிற்கின்றன. அங்கே தொல்லியல் ஆய்வாளர் ஒருவர், மூன்று மாணவர்களுடன், வெயில் ஏறுமுன்னரே நூல் கட்டித் தூக்குக்குண்டு விட்டுச் சுவரை அளந்துகொண்டிருந்தார். அகழ்வாராய்ச்சி என்றால் மண்ணைத் தோண்டிப் பொற்காசு எடுப்பது என்ற பிரமை நம்மில் அநேகருக்கு உண்டு. நான் கண்டதோ, கட்டம் போட்ட தாளிலே ஒரு மாணவி கல் கல்லாகச் சுவரை வரைந்த காட்சி. காலைப்பொழுது முழுதும் போய் அவள் முடித்தது ஒரு பாய் அகலமே. எனக்குப் பொறுமை போயிற்று, அவளுக்குப் போகவில்லை.

அவ்வேளையில், மதில் கட்டுவதையே ஜீவனமாகக் கொண்ட முதியவர் ஒருவர் வந்து, சற்றுநேரம் மௌனமாய்ச் சுவரைப் பார்த்திருந்து, "இஞ்சை பாருங்கோ தம்பி, கீழ்வரியிலை கல்லின்ரை முகம் பார்த்து வைச்சிருக்கு. மேலை கைக்கு வந்ததை வைச்சுச் சாந்தாலை மூடியிருக்கு. இது ஒரு ஆளின்ரை வேலையில்லை" என்றார். ஆய்வாளர் உடனே குறிப்புப் புத்தகத்தை எடுத்தார். 'இரண்டு காலத்துக் கட்டு' என்று எழுதிவிடுவார் என எதிர்பார்த்தேன். அவரோ அந்த வரியின் உயரத்தை மாத்திரம் குறித்து, பக்கத்தில் ஒரு கேள்விக்குறி இட்டார். அந்தக் கேள்விக்குறியின்மீது எனக்கு மிகுந்த மதிப்பு உண்டாயிற்று.

மாலையிலே மரநிழலில் ஊரார் கூடினர். கண்டதைக் கண்ட ஊரிலேயே சொல்லிவிட வேண்டும் என்பது ஆய்வாளரின் நியமம். "சேர், இது வெடியரசன் கட்டினதோ?" என்று ஒரு சிறுவன் கேட்டான். தீவின் மேற்கே, பழங்கதையில் வரும் மன்னன் வெடியரசனின் கோட்டை என்ற பெயரில் ஒரு கற்சிதைவு கிடக்கிறது. அதனைப் பௌத்தத் தூபியின் எச்சம் என்பாரும் உளர். கதையை உடைக்காமலும் பொய்க்குத் துணைபோகாமலும் பதில் சொல்வது எளிதன்று. "இந்தச் சுவர் பறங்கியர் வந்தபிறகு எழுந்தது, தம்பி, வெடியரசன் கதையை உன்ரை அப்பாச்சியிட்டைக் கேள், கேட்டு எழுதி வை" என்றார்.

பின்னர், பறங்கியர்க்கு முற்பட்ட காலத்துக்கு அண்டைத் தீவிலும் சான்று உண்டு என்று, நயினாதீவு நாகபூஷணி அம்மன் கோயிலிலுள்ள தமிழ்ச் சாசனத்தைப்பற்றிப் பேசினார். கா. இந்திரபாலா 1963 இல் ஆராய்ந்து வெளியிட்ட அது, 12 ஆம் நூற்றாண்டிலே முதலாம் பராக்கிரமபாகு இட்ட ஆணை. பரதேசி வணிகர் ஊராத்துறைக்கே வந்து கூடவேண்டும். யானை குதிரை கொண்டுவரும் மரக்கலம் கெட்டால் நாலில் ஒரு கூறு பண்டாரத்துக்கு, மூன்று கூறு உடையவனுக்கு. மற்றைச் சரக்காயின் செம்பாதி. அந்த ஊராத்துறையே நம் ஊர்காவற்றுறை. அதன் வாயிலிலே கடலுள் நிற்கும் கோட்டையை ஒல்லாந்தர் 1658 இல் பிடித்து, இலங்கை பன்றித்தொடை வடிவினது என்று பாவித்து, அத்தொடையின் குதி என்னும் பொருள்பட 'ஹமன்ஹீல்' என்று பெயரிட்டனர். சாப்பாட்டு நினைவிலே சரித்திரம் செய்தவர்கள்! கூட்டம் சிரித்தது, ஆனால் கெட்ட கப்பலின் கணக்கே மீன்பிடிகாரர் மனத்திற் பதிந்தது. எந்தக் கூறு யாருக்கு என்று இருமுறை கேட்டுத் தெளிந்தார்கள்.

கலையும் நேரத்தில், முதியவர் பழக்கத்தினாலே காலடியிற் கிடந்த கல் ஒன்றை எடுத்துச் சுவரின் பொந்திலே பொருத்தினார். அளவாக இருந்தது.

"ஐயா, அது விழுந்த இடத்திலையே கிடக்கட்டும். இன்னும் அளக்கேல்லை."

முதியவர் கல்லை எடுத்து, கிடந்த தடத்திலேயே திரும்ப வைத்தார்; வைக்கும்போது அதன் முகத்தை மேற்புறமாகத் திருப்பி வைத்தார்.