பசியின் பற்கள்

(மூன்றாம் ஆண்டு, விலங்கியல்)

பெயர் சூட்டும் உரிமை உலகில் மனிதனுக்கே உண்டு. சூட்டப்படும் உயிரின் சம்மதத்தை எவரும் கேட்பதில்லை. அவ்வாறு கேளாமலே கொடிய பெயர் ஒன்றைச் சுமந்து திரியும் உயிர்தான் ஆழ்கடலில் வாழும் விரியன் மீன். விரியன் என்றதும் நமக்கு நஞ்சு நினைவுக்கு வரும். இம்மீனுக்கோ நஞ்சே கிடையாது. பல்லைப் பார்த்தே பாம்பாக்கிவிட்டார்கள்!

நூலகத்தில் புரட்டிய நூலொன்றில்தான் இதன் படத்தை முதன்முதலில் கண்டேன். விடுதி நண்பர்களிடம் காட்டியபோது, "இது மீனா, பேயா?" என்று கேட்டார்கள். கேட்டதில் வியப்பில்லை. கண்ணாடி போன்ற கூரிய பற்கள் வாய்க்குள் அடங்காமல் வெளியே நிற்கின்றன. கீழ்த்தாடைப் பற்கள் வளைந்து கண்ணருகே வரை உயர்கின்றன. ஆனால் இந்தப் 'பேயின்' நீளம் எவ்வளவு தெரியுமா? மிகப் பெரியதும் ஏறத்தாழ 35 செ.மீ. தான். ஒரு முழம்கூட இல்லை!

1801ஆம் ஆண்டு அறிவியல் இதற்கு இட்ட பெயர் காலியோடஸ் ஸ்லோனி. முதற்பகுதி வெளியே நீட்டிய பல்லைக் குறிக்கும் கிரேக்கச் சொற்களால் ஆனது. பிற்பகுதி, பிரிட்டிஷ் அருங்காட்சியகத்துக்கு அடித்தளமாக அமைந்த சேகரிப்பைத் தந்த மருத்துவர் ஹான்ஸ் ஸ்லோனின் நினைவாக வைத்தது. நம் நாட்டுக்கும் இக்கதையில் பங்குண்டு. 'இன்வெஸ்டிகேட்டர்' என்ற இந்தியக் கடலாய்வுக் கப்பலில் மருத்துவராகவும் இயற்கையியலாளராகவும் பணியாற்றிய ஆல்பிரட் அல்காக், இம்மீனின் உறவினமான காலியோடஸ் பம்மேலாஸ் என்பதை 1892இல் உலகுக்கு அறிவித்தார்.

நிற்க. இம்மீன் வாழும் வீடு எத்தகையது? கடலில் 200 மீட்டருக்குக் கீழே வெளிச்சம் மங்கத் தொடங்குகிறது. 1000 மீட்டருக்குக் கீழே கதிரவன் எட்டிப் பார்ப்பதே இல்லை. ஒவ்வொரு 10 மீட்டருக்கும் ஒரு வளிமண்டல அழுத்தம் கூடிக்கொண்டே போகிறது. வெளிச்சம் இல்லாத இடத்தில் பாசியும் இல்லை, பயிரும் இல்லை. மேலே வாழ்ந்து மடிந்த உயிர்களின் துணுக்குகள் மெல்லப் பொழிகின்றன. அதுவும் வழியிலேயே பெரும்பாலும் தின்று தீர்க்கப்படுகிறது. சுருங்கச் சொன்னால், நிரந்தரப் பஞ்சம் நிலவும் நாடு அது.

அந்தப் பஞ்ச நாட்டில் பிழைக்க இயற்கை அளித்த கருவிகளைப் பாருங்கள். முதுகுத் துடுப்பின் முதல் முள் நூல்போல் நீண்டு, நுனியில் ஒளியுறுப்பு ஒன்றைத் தாங்கி நிற்கிறது. அதை வாய்க்கு முன்னே வளைத்து, தூண்டிலாக்கி இரையை ஈர்க்கிறது என்று கருதுகிறார்கள். வயிற்றுப் புறத்தில் வரிசை வரிசையாகச் சிறு விளக்குகள். மேலிருந்து வரும் மங்கிய ஒளியோடு இவ்விளக்குகளின் ஒளி கலந்துவிடுவதால், கீழிருந்து நோக்கும் பகைவனுக்கு இதன் நிழலுருவம் தெரிவதில்லை. என்னே விந்தை! நாம் இருளில் பிறர் காண விளக்கேற்றுகிறோம். இதுவோ மறைந்து கொள்ள விளக்கேற்றுகிறது.

இரை நெருங்கினால் மண்டையைப் பின்னோக்கிச் சாய்த்து, தாடையை முன்னே தள்ளி வாயைப் பிளக்கிறது. அப்போது செவுள்களும் இதயமும் பின்வாங்கி வழிவிடுகின்றன! இதை விளக்கும் செர்னாவின் என்பவரின் ஆய்வு 1953இல் வெளிவந்தது. நீண்ட பற்கள் சிறைக்கம்பிகளாகி இரையைத் தப்பவிடாமல் தடுக்கின்றன. தன் உடம்புக்குப் பொருந்தாத பெரிய மீனையும் இது விழுங்கிவிடும்.

"அடேயப்பா, என்ன பேராசை!" என்று தோன்றுகிறதல்லவா? ஆனால் பிடிபட்ட விரியன் மீன்களின் வயிற்றைக் கீறிப் பார்த்தவர்கள் கண்டது என்ன? பலவற்றின் வயிறு வெறுமையாகவே இருந்தது.

இந்த வரியைப் படித்தபோது என் தாத்தாவை நினைத்துக்கொண்டேன். வானம் பார்த்த பூமியில் கூலி வேலை செய்தவர் அவர். வேலை கிடைத்த நாளில் உலை கொதிக்கும். கிடைக்காத நாளில் நீராகாரம். கல்யாணப் பந்தியில் அமர்ந்தால் சாம்பாருக்கும் ரசத்துக்கும் மோருக்கும் மறுசோறு கேட்டு வாங்குவார். பரிமாறுகிறவர்கள் ஒருவரையொருவர் பார்த்துச் சிரிப்பார்கள். "பெரியவருக்கு இருப்பது வயிறா, குதிரா?" என்பார்கள். தாத்தா தலை நிமிராமல் உண்பார். பக்கத்து இலையில் இருந்த சிறுவனாகிய எனக்கு என்ன பதில் சொல்வதென்று தெரியாது.

இன்று தெரியும். வீட்டில் குதிர் நிறைந்தவனுக்கு நாலு கவளம் போதும். அடுத்த சோறு என்றைக்கு என்று அறியாதவன், கிடைத்த அன்று உண்ணாமல் வேறென்ன செய்வான்? விரியன் மீனின் அகன்ற வாயும் நீண்ட பல்லும் பேராசை தந்தவை அல்ல; பற்றாக்குறை தந்தவை.

ஆழ்கடல் மீன்களை மனிதன் நெடுங்காலம் வலையில் மேலே இழுத்து, செத்துப் பிளந்த வாயோடுதான் பார்த்தான். விரியன் மீன் உயிரோடு மேலே வந்தாலும் சில மணி நேரத்துக்கு மேல் தாங்குவதில்லை. வில்லியம் பீபி, ஓடிஸ் பார்ட்டன் என்ற இருவர் மட்டும் வேறு வழியை நாடினார்கள். எஃகுக் கோளம் ஒன்றுக்குள் ஒடுங்கி அமர்ந்து, பெர்முடா அருகே 1934 ஆகஸ்ட் 15 அன்று 923 மீட்டர் ஆழம் வரை இறங்கினார்கள். சிறு சாளரத்தின் வழியே, ஆழத்து உயிர்கள் தம் வீட்டில் ஒளிவிட்டு நீந்தும் அழகைக் கண்டார்கள்.

நண்பர்களே! நம் வகுப்பறையிலும் விடுதியிலும் பல ஆழங்களிலிருந்து வந்தவர்கள் இருக்கிறோம். ஒருவன் சோற்றை அள்ளுவதையும், ஒருவன் முகம் கடுத்திருப்பதையும் கரையில் நின்று கண்டு பெயர் சூட்டுவது எளிது. அவன் வாழும் ஆழத்துக்கு ஒருமுறை இறங்கிப் பார்த்த பின் பேசுவோம். பட்டம் பெறுவதோடு இதையும் கற்றுக்கொண்டால் நம் படிப்பு வீண் போகாது.